என் மகள் எடுத்த படத்தில் இல்லாத கேசட்

என் மகள் படம் எடுக்கிறவள். சினிமா இல்லை. அவள் எடுப்பதில் பாட்டு கிடையாது, சண்டை கிடையாது, கதையே கிடையாது. கனடாவுக்குப் போய் இருபது வருசத்துக்கு மேல் ஆகிறது. அந்த நாட்டுக்காரி என்று பாஸ்போர்ட்டும் வாங்கிவிட்டாள். அங்கே குடியிருந்துகொண்டு உத்தமபாளையத்தைப் பற்றிப் படம் எடுக்கிறாள். தான் யார், எங்கே இருந்து வந்தோம், எது ஞாபகம் இருக்கிறது, எது மறந்துபோனது, இதைத்தான் தேடுகிறேன் என்பாள். தேடட்டும். ஆனால் தேடுகிறேன் என்று என் வீட்டுக்காரர் பெட்டியைத் திறந்தாள். அதனால்தான் எனக்கு அவள்மேல் கோபம். இதை எழுதுகிற இந்த நேரம் வரைக்கும் அது ஆறவில்லை.

நான் கோபப்பட்டு யாரும் பார்த்ததில்லை. சின்ன வயதிலிருந்தே கூச்சக்காரி. ஐந்தாவது வரைக்கும்தான் பள்ளிக்கூடம். வாத்தியார் பெயரைக் கூப்பிடும்போது, ‘உள்ளேன் ஐயா’ என்று என் வாய் திறப்பதற்குள் அவர் அடுத்த பெயருக்குப் போய்விடுவார். பெஞ்சில் உட்கார்ந்துகொண்டே ஆப்சென்ட் ஆன நாட்கள் எனக்கு நிறைய. கல்யாணம் ஆகி வந்த வீட்டிலும் அப்படித்தான். கடைக்காரரிடம் மீதிச் சில்லறை கேட்கக்கூடத் திரும்பிப் போகமாட்டேன். என் மகள் தன் படத்தைப் பற்றி எழுதிய காகிதத்தில், ‘வாய் அடைக்கப்பட்ட ஒரு தாயின் குரல்’ என்று போட்டிருக்கிறாளாம். என் வாயை யாரும் அடைக்கவில்லை. அது நானே மூடி வைத்த வாய். அதை எப்போது திறப்பது என்பது என் பாடு.

இரண்டு வருசத்துக்கு முன்னால் தை மாதம் வந்தாள். வந்த மூன்றாம் நாள், படச்சுருள் ஒன்றை வயலில் புதைக்க வேண்டும் என்றாள். மலையையும் ஆற்றையும் எங்கள் தெருவையும் படம் பிடித்து, கழுவி எடுத்த சுருள் அது. எங்களுக்கு மார்க்கையன்கோட்டைப் பக்கம் கொஞ்சம் வயல் இருக்கிறது. விளைச்சலில் பங்கு பிரித்துக்கொள்கிற வாரத்துக்கு ஒருவர் பார்க்கிறார். நடவுக்குத் தண்ணீர் கட்டி உழுது போட்டிருந்தார். இவள் பேன்ட்டை முழங்காலுக்கு மடித்துவிட்டுக்கொண்டு சேற்றில் இறங்கினாள். அவர் வரப்பில் நின்று வாயில் கைவைத்துக்கொண்டு பார்த்தார்.

“ஏத்தா, கனடாவுல மண்ணு கெடையாதா?”

“இருக்குண்ணே. இந்த மண்ணுதான் வேணும்.”

“நட்டா எத்தன நாளுப் பயிரு?”

“இருபது நாள் கழிச்சுத் தோண்டுவேன். அதுக்குள்ள மண்ணு இதத் தின்னணும். தின்னது போக மிச்சம்தான் படம்.”

“அப்ப எலிக்கும் பங்கு உண்டுன்னு சொல்லு” என்றார். அவளே சிரித்துவிட்டாள்.

தோண்டி எடுத்தபோது மலை இருந்த இடத்தில் பச்சையும் ஊதாவுமாகப் பூத்துப்போயிருந்தது. தெருவில் நின்ற ஆட்களுக்கு முகம் இல்லை. அதைப் பார்த்து அவள் சந்தோஷப்பட்டாள். எனக்கும் அது பிடித்திருந்தது என்பதை மறைக்க மாட்டேன். ஞாபகம் அப்படித்தானே, அங்கங்கே அரித்துப்போய். அந்த இருபது நாளும் அவளுக்குச் சோறு கட்டிக்கொடுத்து, பஸ் ஏறி வயலுக்கும் கூடப் போனேன். அது வரைக்கும் எனக்கு ஒரு கோபமும் இல்லை.

பிறகுதான் அவளுடைய அத்தாவின், அதாவது தகப்பனாரின், பெட்டியைத் திறந்தாள். என் வீட்டுக்காரர் சவூதியில் பதினெட்டு வருசம் இருந்துவிட்டு ஊரோடு வந்தவர். இறந்து ஆறு வருசமாகிறது. அவர் பெட்டியில் பழைய கடிகாரம், வேலை கொடுத்தவர் தந்த அட்டை, கண்ணாடி இதெல்லாம் போக ஒரு கேசட் இருந்தது. அது அங்கே இருந்திருக்கவே கூடாது. ஏன் என்று இப்போதுள்ளவர்களுக்குத் தெரியாது. அதனால் சொல்கிறேன்.

அந்தக் காலத்தில் எங்கள் பக்கம் வீட்டுக்கு ஒருவர் அரபு நாட்டில் இருந்தார்கள். போன் பேசுவது என்றால் கம்பத்துக்குப் போய்க் காத்துக் கிடக்க வேண்டும். கடிதம் எழுதலாம், என் கையெழுத்தில் நாலு வரிக்கு மேல் போகாது. ஆகவே கேசட். யாராவது லீவு முடிந்து பயணம் திரும்புகிறார்கள் என்று தெரிந்தால், அதற்கு முந்தின வெள்ளிக்கிழமை ஜும்மா தொழுகை முடிந்து எல்லோரும் டேப்பைச் சுற்றி உட்காருவோம். முதலில் மாமனார் சலாம் சொல்வார், இரண்டு வார்த்தையோடு முடித்துக்கொள்வார். மாமியார் பேச ஆரம்பித்து அழுகையில் முடிப்பார். பிறகு என் மதினி. மதினி என்றால் என் வீட்டுக்காரரின் அக்கா, என் மகளுக்கு மாமி. கல்யாணமான இரண்டாம் வருசமே புருசனைப் பறிகொடுத்துவிட்டுப் பிறந்த வீட்டுக்கே வந்துவிட்டவர். பிள்ளை இல்லை. வீட்டுச் சாவி அவரிடம்தான். ஆற்றில் எவ்வளவு தண்ணீர் வருகிறது, சின்னமனூரில் யார் இறந்தது, யாருக்கு என்ன பிள்ளை பிறந்தது என்று ரேடியோவில் செய்தி வாசிப்பதுபோல் மதினி சொல்லி முடிப்பார். கொழுந்தன் ஒரு ஷூ கேட்பான். அப்புறம் மதினியே எழுந்து, “போதும், எல்லாரும் வெளிய வாங்க. அவ பேசட்டும்” என்று எல்லோரையும் ஓட்டிக்கொண்டு போய்க் கதவைச் சாத்துவார். கேசட் பக்கத்தின் கடைசி ஐந்து நிமிடம் எனக்கு.

உலகத்தில் நான் தடங்கல் இல்லாமல் பேசிய இடம் அந்த ஐந்து நிமிடம்தான். காரணம், அதற்கு ஒரு கட்டுப்பாடு இருந்தது. பெண்டாட்டி பேசி அனுப்பினதைக் கேட்டுவிட்டு, அதன்மேலேயே தன் பதிலைப் பேசித் திருப்பி அனுப்ப வேண்டும். ஒரே அறையில் எட்டுப் பேர் படுக்கிற இடம் அது. பெண்டாட்டி குரல் பெட்டியில் கிடக்கக் கூடாது. எங்கள் பக்கத்துப் பெண்கள் எல்லோரும் அதை நம்பித்தான் பேசினோம். பேசினது அழிந்துபோகும் என்ற தைரியம். அழியாது என்று தெரிந்திருந்தால் நான் சலாமோடு நிறுத்தியிருப்பேன்.

என் மகள் பிறந்து ஏழெட்டு மாதம் இருக்கும். தான் ஒரு கேசட் கொடுத்துவிட்டதாக என் வீட்டுக்காரர் கடிதம் எழுதியிருந்தார். கொண்டுவந்தவர் சின்னமனூர்க்காரர். அவர் வந்து சாமான்களைக் கொடுத்துவிட்டுப் போய்விட்டார். வாங்கி வைத்தது மதினி. சோப்பு இருந்தது, தைலம் இருந்தது, கேசட் இல்லை. அதற்குப் பிறகு ஒரு நாள் மத்தியானம் நான் கடைத்தெருவுக்குப் போய்விட்டு வருகிறேன், உள்ளறையில் மதினி டேப்பை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். பக்கத்தில் என் பிள்ளை. என்னைப் பார்த்ததும் பட்டென்று அமர்த்திவிட்டார். முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது. நான் ஒன்றும் கேட்கவில்லை. கேட்கிற வாயா எனக்கு? ஆனால் மனசுக்குள் முடிவு கட்டிவிட்டேன்.

அடுத்த கேசட்டில் என் ஐந்து நிமிடம் முழுக்க அதுதான். “மச்சான், நீங்க அனுப்பிச்ச கேசட்ட உங்க அக்கா எடுத்து ஒளிச்சு வச்சிருக்காக. நான் இல்லாதப்பப் போட்டுக் கேக்குறாக. என் கண்ணால பாத்தேன். தனக்கு இல்லாதது அடுத்தவளுக்கு இருந்தா அவுகளுக்குப் பொறுக்கல.”

இப்படிச் சொன்னேன். இளம் வயதில் புருசன் போன ஒரு பெண்ணைப் பார்த்துச் சொன்னேன்.

மூன்று மாதம் கழித்து சின்னமனூர்க்காரரின் பெண்டாட்டி ஒரு கேசட்டோடு வந்து நின்றாள். அவர்கள் வீட்டுக்காரர் ஒரு வெளிநாட்டுப் போர்வை கொண்டுவந்திருந்தார். அப்போதெல்லாம் அந்தப் போர்வையை யாரும் போர்த்த மாட்டார்கள். ஜிப் வைத்த உறையோடு அப்படியே பரணில் ஏற்றிவிடுவார்கள், மகள் கல்யாணத்துக்கு என்று. கேசட் நசுங்கக் கூடாது என்று அந்த மனிதர் அதைப் போர்வை மடிப்புக்குள் வைத்துக் கொண்டுவந்து, வந்த அலைச்சலில் மறந்தேபோயிருக்கிறார். மார்கழியில் யாருக்கோ குளிர்காய்ச்சல் என்று போர்வையைப் பிரித்தபோது விழுந்திருக்கிறது. அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு, “மன்னிச்சிருங்கக்கா” என்றாள். நான் நின்ற இடத்தில் வேர்த்துப்போனேன்.

அடுத்த வெள்ளிக்கிழமை இரண்டாவது கேசட் பேசினேன். “நான் சொன்னது பொய்யி. அவுக எடுக்கல. எம்புத்தி கெட்டுப் பேசுனேன். நீங்க மனசுல வைக்காதீக” என்று அழுதுகொண்டே சொன்னேன். என் வீட்டுக்காரர் நல்லவர். அதைக் கேட்டார், அதன்மேல் தன் பதிலைப் பேசினார், திருப்பி அனுப்பினார். கட்டுப்பாட்டின்படி என் இரண்டாவது கேசட் அழிந்தது. முதல் கேசட்டும் அழிந்திருக்கும் என்றுதான் நாற்பது வருசத்துக்குக் கொஞ்சம் குறைவாக நம்பிக்கொண்டு இருந்தேன்.

அழியவில்லை. பெட்டியில் இருந்தது அதுதான். கேசட்டின் முதுகில் இரண்டு ஓரத்திலும் சின்னதாக ஒரு பிளாஸ்டிக் பல் இருக்கும். அதை உடைத்துவிட்டால் அப்புறம் அதன்மேல் யாரும் பேச முடியாது. அவர் இரண்டு பல்லையும் உடைத்துவிட்டு, எனக்கு வேறு கேசட்டில் பதில் அனுப்பியிருக்கிறார். ஏன் என்று அப்போது எனக்குப் புரியவில்லை. இறந்த மனிதர்மேல் அன்றைக்குக் கோபம் கோபமாக வந்தது.

என் மகள் அதை ஒரு மிஷினில் போட்டுக் கேட்டாள். கேட்டுவிட்டு ஓடிவந்தாள்.

“ம்மா, இதுல நான் இருக்கேன். நான் கைப்பிள்ளையா பேசுறது இருக்கு. என் முதல் குரல்மா!”

“வேற என்ன இருக்கு?”

“நீ அத்தாகிட்டப் பேசுறது கொஞ்சம் இருக்கு. நான் என் குரலை மட்டும் எடுத்துக்கட்டா?”

தலையை ஆட்டினேன். வேண்டாம், அதை ஆற்றில் போடு என்று சொல்லியிருக்க வேண்டும். ஏன் என்று கேட்பாள், அப்போது மதினியைப் பற்றிச் சொல்ல வேண்டிவரும், மதினி அடுப்படியில் நிற்கிறார். தலையை ஆட்டினேன். பயணம் புறப்படும் முன்பு ஒரு காகிதம் நீட்டினாள், முழுக்க இங்கிலீஷ். “சும்மா ஒரு அனுமதிதாம்மா.” தமிழில் கையெழுத்துப் போட்டேன். என் தப்பு அவ்வளவுதான். அது சின்னத் தப்பு இல்லை என்று எனக்குத் தெரியும்.

போன ஹஜ்ஜுப் பெருநாள். மத்தியானம் எல்லோரும் எங்கள் வீட்டில் கூடியிருந்தார்கள். மாமியார், மாமனார் எல்லாம் போய் வருசங்கள் ஆகிவிட்டன. இந்த வீட்டில் இப்போது மதினியும் நானும்தான். அவருக்கு எண்பதை நெருங்குகிறது. கொழுந்தன் மகன் கம்பத்தில் செல்போன் கடை வைத்திருக்கிறான். அவன் எழுந்து, “பெரியம்மா, அக்கா படம் லிங்க் அனுப்பிருக்கு. வெளிநாட்டுல அம்புட்டுப் பேரு பாத்திருக்காக. டிவில போடுறேன், எல்லாரும் பாருங்க” என்றான். அவனுக்குப் பெருமை. எனக்கும்தான். மதினி தட்டோடு முன்னால் நாற்காலியில் வந்து உட்கார்ந்தார். “எம்மருமக படம். எவனும் குறுக்க நடக்காதீக” என்றார்.

மலை வந்தது, அரித்துப்போய். கேசட்டிலிருந்து உருவிய நாடா ஒரு வெள்ளைச் சுவரில் தொங்கிக்கொண்டு ஆடியது. சிறுசுகள் சிரித்தார்கள். அப்புறம் கைப்பிள்ளையின் சத்தம். பின்னால் ஒரு பெண் குரல், நாக்கைத் தட்டித் தட்டிக் கொஞ்சுகிறது. “அத்தா சொல்லு, அத்தா சொல்லு, எங்க, எஞ்செல்லம், அத்தா...” கீழே இங்கிலீஷில் எழுத்து ஓடியது. கொழுந்தன் மகன் வாசித்துச் சொன்னான்: “‘என் தாய் எனக்குக் கற்றுக்கொடுத்த முதல் சொல்’னு போட்டிருக்கு பெரியம்மா.”

அது என் குரல் இல்லை.

எனக்கு அந்த நொடியிலேயே தெரிந்துவிட்டது. அது மதினி குரல். அந்த மத்தியானம் டேப்பை மடியில் வைத்துக்கொண்டு மதினி என்ன செய்துகொண்டிருந்தார் என்பது இத்தனை வருசம் கழித்து, இத்தனை பேர் நடுவில், எனக்குத் தெரிந்தது. என் பிள்ளையின் குரலைத் தம்பிக்குப் பிடித்து அனுப்பிக்கொண்டிருந்தார். அந்தப் பிள்ளைச் சத்தத்துக்காகத்தான் என் வீட்டுக்காரர் பல்லை உடைத்து வைத்திருக்கிறார்.

நினைத்து முடிப்பதற்குள் என் குரல் வந்துவிட்டது. “உங்க அக்கா எடுத்து ஒளிச்சு வச்சிருக்காக.” முழுதாக வந்தது. “தனக்கு இல்லாதது அடுத்தவளுக்கு இருந்தா அவுகளுக்குப் பொறுக்கல.” ஒரு தடவை இல்லை. அந்தக் கடைசி வாக்கியத்தை வெட்டி, திரும்பத் திரும்ப ஓட்டியிருக்கிறாள். முதலில் வேகமாக. அப்புறம் மெதுவாக. அப்புறம் ஆழமாகக் கிணற்றுக்குள்ளிருந்து வருகிற மாதிரி. மூன்று தடவை. கொழுந்தன் மகன் பெண்டாட்டி, “அமத்துங்களேன், அமத்துங்களேன்” என்கிறாள். அவன் போனைத் தடவுகிறான், நிற்க மாட்டேன் என்கிறது. போன் கடைக்காரன்.

மதினி தட்டைக் கீழே வைத்தார். பாதிச் சோறு அப்படியே இருந்தது. கையைக்கூடக் கழுவாமல் எழுந்து தன் அறைக்குள் போனார். என் பக்கம் திரும்பவும் இல்லை.

அன்றைக்குச் சாயங்காலமே மகளுக்கு நான் போன் போட்டேன். நானாகப் போன் போட்டது அதுதான் முதல் தடவை. வீடியோவில் தூங்கி எழுந்த முகத்தோடு வந்தாள்.

“பெருநாள் முபாரக்மா! படம் பாத்தீங்களா?”

“உங்குரலை மட்டும் எடுக்குறேன்னுதானடி சொன்ன?”

அவள் முகம் மாறியது. “ம்மா... அது படத்துலயே உசுரான இடம்மா. அங்கன எல்லாரும் அந்த இடத்தைத்தான் பேசுறாங்க. அதுல ஒரு கோபம் இருக்கு. நான் பிறந்ததுலருந்து உங்கிட்டக் கேக்காத கோபம்.”

“கேக்கணுமா? இப்பக் கேளு.”

கத்தினேன். ஜன்னலுக்கு வெளியே தெருவில் போனவர் நின்று பார்த்துவிட்டுப் போனார். நான் நிறுத்தவில்லை. “அது பொய்யிடி. நான் தெரியாமச் சொன்ன பொய்யி. அத மூணு வாட்டிச் சொல்ல வச்சிருக்க. உங்க மாமி இந்த வீட்டுல உக்காந்து கேட்டாக.”

“பொய்யா இருந்தாலும் நீ பேசுனது நெசந்தானம்மா. கேசட் மறக்காதுல்ல? அதத்தான் நான்...”

“கேசட்டு பாதியத்தான் ஞாபகம் வைக்கும்” என்று சொல்லிவிட்டு, போர்வையைப் பற்றியும் இரண்டாவது கேசட்டைப் பற்றியும் சொன்னேன். முழுக்கக் கேட்டாள். அப்புறம், “அந்த ரெண்டாவது கேசட் எங்கம்மா?” என்றாள்.

“உங்கத்தா அதுமேல பேசிட்டாக.”

“ஐயோ” என்றாள். உண்மையான வருத்தம்தான். ஆனால் அந்த ஐயோ முடிவதற்குள்ளேயே அடுத்தது வந்தது: “ம்மா, அத நீ இப்பத் திரும்பச் சொல்றியா? நான் பதிவு பண்ணிக்கிறேன்.”

இவளுக்கு எல்லாமே படத்துக்கு ஆகிற சாமான். என் பொய் ஆகும், என் அழுகை ஆகும், நான் திட்டுவதும் ஆகும். இந்த வீடியோவைக்கூடப் பிடித்துக்கொண்டிருக்கிறாளோ என்று சந்தேகம் வந்தது. ஒன்றுதான் சொன்னேன். “உனக்கு அத்தான்னு சொல்லிக்குடுத்தது நானில்ல. உங்க மாமி. பெத்தவ குரலுக்கும் மாமி குரலுக்கும் வித்தியாசம் தெரியாம ஊரு ஊராப் போயிப் படம் காட்டுற.” அவள் அழுதாள் என்று நினைக்கிறேன். நான் போனை வைத்துவிட்டேன். இரங்கவில்லை. இன்னும் இரங்கவில்லை.

மறுநாள் செய்தி அனுப்பியிருந்தாள். படம் பல ஊர்களுக்குப் போய்விட்டதாம், திருப்பி வாங்க முடியாதாம், கடைசியில் ஒரு வரி எழுதிச் சேர்க்கிறாளாம். ஒரு வரி! குரல் மூன்று தடவை. அதற்குப் பதில் எழுத்து ஒரு வரி.

மதினி பதினோரு நாள் என்னோடு பேசவில்லை. நாங்கள் இரண்டு பேரும் ஒரே பாத்திரத்தில் டீ போடுகிறவர்கள். அந்தப் பதினோரு நாளும் அடுப்பில் இரண்டு சின்னப் பாத்திரம் ஏறியது. மருந்து எடுத்துக்கொடுக்கப் போனால், மாத்திரை அட்டையைத் தன் பக்கம் இழுத்துக்கொள்வார். தொழுகைக்கு எழுந்தால் முழங்கால் பிடிக்கும் அவருக்கு. கை நீட்டினால் சுவரைப் பிடித்து எழுந்தார்.

பன்னிரண்டாம் நாள் காலையில் பின்வாசலில் உட்கார்ந்து முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். நானும் போய் உட்கார்ந்து ஒரு கொத்தை எடுத்தேன்.

“அதுல பூச்சி இருக்கு. பாத்து ஆயி” என்றார்.

இரண்டு கொத்து ஆய்ந்த பிறகு, “நெசமாவே நான் எடுத்தேன்னு நெனச்சியா?” என்றார்.

“நெனச்சேன் மதினி.”

“எம்புட்டு நாளு?”

“மூணு மாசம். கேசட்டு கெடைக்கிற வரைக்கும்.”

“மூணு மாசம் எங்கையால சோறு வாங்கித் தின்ன.”

“ஆமா.”

“கெடைச்சப் பெறகாவது எங்கிட்ட ஏன் சொல்லல?”

“அவுககிட்டச் சொன்னேன் மதினி. அழுதுக்கிட்டே சொன்னேன்...”

“அவன்கிட்டச் சொன்னது கெடக்கட்டும். எங்கிட்ட.”

“வெக்கமா இருந்துச்சு.”

கீரையைக் கீழே போட்டார். “புருசங்கிட்டக் கோளு சொல்ல வெக்கமில்ல. எங்கிட்டத் தப்புன்னு சொல்ல மட்டும் வெக்கம். நல்ல வெக்கம்த்தா உன்னோடது. வேணுங்கிறப்ப வந்து உக்காந்துக்கிருது.”

என் கூச்சத்தை யாரும் இப்படிப் பேசியதில்லை. எல்லோரும் அடக்கமான பெண் என்றுதான் சொல்லியிருக்கிறார்கள். நானும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். எனக்குச் சுரீர் என்றது.

“அன்னைக்கு டேப்ப ஏன் அமத்துனேன்னு தெரியுமா?” என்றார். “பிள்ள இல்லாதவ உம் பிள்ளையக் கொஞ்சுறத நீ பாத்தா கண்ணு பட்டுரும்னு நெனப்பியோன்னு பயந்துதான் அமத்துனேன். நீ அதுக்கும் மேல நெனச்சிருக்க.”

நான் அவர் காலைத் தொடப் போனேன். தட்டிவிட்டார்.

“இந்த நடிப்பெல்லாம் உம் மக படத்துக்கு வச்சுக்க. எங்கிட்டச் சொன்னா ஆச்சா? வீடு நெறைய ஆளு இருந்தாக. உங் கொழுந்தன் வீட்டுச் சம்பந்தகாரவுக வரைக்கும் கேட்டாக. கனடாக்காரன் கேட்டுருக்கான். நான் ஒருத்தி மட்டுமா கேட்டேன்? கேட்ட அம்புட்டுப் பேருக்கும் சொல்லு.”

“எனக்குப் பேச வராதே மதினி.”

“கேசட்டுல வந்துச்சுல்ல?”

அந்த வாரமே கொழுந்தன் வீட்டுக்குப் போனேன். சொல்லவேண்டும் என்றுதான் போனேன். எல்லோரும் இருந்தார்கள். டீ கொடுத்தார்கள், குடித்தேன். மழை வருமா என்று பேசினார்கள். கொழுந்தன் மகன் முகத்தைப் பார்க்காமல், “பெரியம்மா, அன்னைக்கு நான் போட்டிருக்கக் கூடாது” என்றான். அதுதான் சமயம். வாயைத் திறந்தேன். “பரவாயில்ல” என்று மட்டும் வந்தது. திரும்பி வருகிற வழி முழுக்க என்னையே திட்டிக்கொண்டு வந்தேன். மதினி சொன்ன வெக்கம் வழி மறித்து உட்கார்ந்துகொண்டது. கடைவீதியில் ஒரு நோட்டு வாங்கினேன்.

அந்த நோட்டில்தான் இதை எழுதுகிறேன். ஐந்தாவது படித்தவள் எழுதுகிற எழுத்து, மெதுவாகத்தான் வரும். ஒரு பக்கத்துக்கு இரண்டு நாள் ஆகிறது. என் மகளுக்கு மிஷின் இருக்கிறது, காசு கொடுக்கிற சபைகள் இருக்கின்றன, இருட்டறையில் உட்கார்ந்து பார்க்கிற ஆட்கள் இருக்கிறார்கள். எனக்கு இதுதான். அவள் தன்னைத் தேடுவது தப்பென்று நான் சொல்லவில்லை. அத்தனை தூரத்தில் தனியாக இருக்கிறவள், தன் முதல் குரல் கிடைத்ததும் கண்ணை மூடிக்கொண்டு எடுத்துக்கொண்டாள். ஆனால் அந்த நாடாவில் அவள் மட்டும் இல்லை. நான் இருந்தேன். உயிரோடு இருக்கிற இன்னொரு பெண்ணும் இருந்தார். எங்கள் இரண்டு பேரில் ஒருவரிடம் உட்கார்ந்து, “இது என்ன?” என்று ஒரு கேள்வி கேட்டிருந்தால் போதும். கேட்கவில்லை. கேட்காமல் எடுத்ததற்குப் பெயர் என்னவென்று அவள் படித்த படிப்பில் சொல்லியிருப்பார்கள்.

நேற்று இதுவரை எழுதியதை மதினிக்கு வாசித்துக் காட்டினேன். எழுத்து கண்ணுக்குத் தெளிவாகத் தெரியாததால் அவர் இப்போது படிப்பதில்லை. கட்டிலில் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். “நான் உங் கையத் தட்டிவிட்டத எல்லாம் எழுதணுமா?” என்றார். எடுத்துவிடவா என்றேன். “இருக்கட்டும். தட்டித்தானே விட்டேன்” என்றார். பிறகு ‘தனக்கு இல்லாதது அடுத்தவளுக்கு இருந்தா’ என்கிற இடத்தைத் திரும்ப வாசிக்கச் சொல்லி, கையைக் காட்டி நிறுத்தினார்.

“அதையும் எழுதித்தான் ஆகணுமா?”

“நீங்க வேணாம்னா எழுதல மதினி. ஆனா அத எழுதுனாத்தான் அது பொய்யினு சொல்ல முடியும்.”

கையை இறக்கி வைத்துக்கொண்டார். தூங்கிவிட்டார் என்றே நினைத்தேன்.

“அப்ப எழுது” என்றார். “பொய்யின்னு பெருசா எழுது.”

எழுதுகிறேன். என் மகள் படத்தில் வருகிற அந்தக் குரல் என்னுடையது. அதில் நான் சொன்னது பொய். என் மதினி அந்தக் கேசட்டை எடுக்கவில்லை, ஒளிக்கவில்லை, கேட்கவில்லை. அது சின்னமனூரில் ஒரு பரணில், ஒரு போர்வைக்குள் இருந்தது. அவருக்கு யார்மேலும் பொறாமை இருந்ததில்லை. சந்தேகம் எனக்குத்தான் இருந்தது. படத்தில் பிள்ளைக்கு அத்தா என்று சொல்லிக்கொடுக்கிற குரல் அவருடையது. படத்தைப் பார்த்தவர்கள் இதையும் படிக்க வேண்டும்.

இதை எழுதி முடித்து வாசித்தேன். மதினி, “ம்” என்றார். முகத்தைச் சுவர் பக்கம் திருப்பிப் படுத்துக்கொண்டார். இன்று காலையும் டீக்கு அடுப்பில் இரண்டு பாத்திரம்தான்.